கசிவு

எங்கள் குளியலறைத் தரை
கீழ்வீட்டு டோவின் கூரை.
பதினொரு மாதமாய் அவரும் நானும் பேசியது
இந்த ஒரு வாக்கியத்தைத்தான்,
வெவ்வேறு குரலில்.

அவர் அனுப்பிய படங்கள் இன்னும் கைபேசியில் கிடக்கின்றன.
மார்ச்சில் ஒரு தேநீர்க் கறை.
ஜூனில் ஜோகூர் வரைபடம்.
செப்டம்பரில் அதன் அடியில் சிவப்பு வாளி,
வாளிக்குள் மடித்த துணி,
சொட்டுகிற சத்தம் கேட்காமலிருக்க.
அந்தத் துணியைப் பார்த்த பிறகுதான்
நான் தாளில் கையெழுத்திட்டேன்.

தரையை உடைத்தார்கள்.
ஒன்பது நாள் செங்காங்கில் தங்கை வீட்டில் குளித்து
ஈரத்தலையோடு ரயிலேறி ஈசூன் திரும்பினோம்.
செலவு ஆளுக்குப் பாதி.
கணக்கு தீர்ந்தது, அதோடு விடு என்கிறார் சேதுபதி.
அந்தத் துணி என்னை விடவில்லை.

நேற்று மாலை,
நகரமன்றத்தின் எச்சரிக்கைத் தாளுக்குத் தப்பிய
நடைபாதைத் தொட்டியில் முப்பத்தேழு மொட்டு.
தேக்காவில் முழம் முழமாய்க் கிடைக்கும்,
அதில் என்ன தெளித்தார்களோ.
தலைக்குப் போதும், நாக்குக்கு ஆகாது.
எட்டு மணிக்கு அவிழத் தொடங்கியதும்
காம்பு கிள்ளி, பச்சை நீக்கி,
குளிர்ந்த கிரீமின் மேல் பரப்பி மூடினேன்.
சூடு காட்டக் கூடாது. கிளறக் கூடாது.
இரவெல்லாம் அது தானாக இறங்கும்,
யாரையும் கேட்காமல்,
எந்த வழியாக என்று யாருக்கும் தெரியாமல்.

காலையில் சல்லடையில் பழுப்பேறிய பூக்கள்.
கிரீமில் ஒன்றும் தெரியவில்லை.
முகர்ந்தால்தான்.

அலுவலகத்தில் சியூ லிங் சொல்லியிருந்தாள்:
பேரிக்காய் வேண்டாம், பங்கிட்டால் பிரிவு.
நான்கு வகை வேண்டவே வேண்டாம்.
வெள்ளைப் பூவைத் தட்டில் வைத்துவிடாதே,
அது சாவு வீட்டுக்கு.
எங்களுக்குக் கல்யாணத்துக்கும் அதுதான் என்றேன்.
சரி, பூ உள்ளே இருக்கட்டும், என்றாள்.
சிவப்பு டிராகன் பழத்தை மசித்துப் பிழிந்து
மூன்று சொட்டு விட்டேன்.

இந்த ஊர்ச் சமையலறைப் புழுக்கத்தில் கிரீம் நிற்காது.
படுக்கையறைக் குளிரூட்டியைப் பதினெட்டில் வைத்து
கட்டில் விளிம்பில் உட்கார்ந்து
மடியில் பனிக்கட்டிப் பாத்திரத்தோடு அடித்தேன்.
போர்வைக்குள்ளிருந்து சேதுபதி:
"சண்டை போட்ட ஆளுக்கு இவ்வளவா?
இந்தச் சத்தத்துக்கே அடுத்த புகார் வரும்."

மங்குஸ்தானை உள்ளங்கையில் அழுத்திப் பிளந்தேன்.
பம்ப்ளிமாஸ் சுளையின் தோலை உரித்தேன்,
லொங்கானின் கறுப்புக் கொட்டையை நெம்பினேன்.
ஜம்பு, சிக்கு, பப்பாளி, மிச்சமிருந்த டிராகன் பழம்.
எண்ணினால் ஏழு.
எட்டு நல்லதாம்.
சாமிக்கு வைத்திருந்த சீப்பிலிருந்து
ஒரு வாழைப்பழம் கடன் வாங்கினேன்.

மின்தூக்கிக்குக் காத்திருக்கவில்லை.
ஒரே ஒரு மாடி, படியில் இறங்கினேன்.
கம்பிக்கதவுக்குப் பின்னால் பனியனோடு டோ.
என் முகத்தைப் பார்த்ததும்
அவர் கண் முதலில் மேலே போனது.
"இல்லை, இல்லை, பழம்" என்றேன்.

தட்டை வாங்கவில்லை. வா என்று தலையசைத்தார்.
குளியலறைக்குள் இருவரும் நின்றோம்.
புதுச் சுண்ணாம்பு, நல்ல வெள்ளை.
"பாரு," என்று ஒரு மூலையைக் காட்டினார்.
முதலில் எனக்குத் தெரியவில்லை.
பிறகு தெரிந்தது, ஜோகூரின் தென்கரை,
ஒரு மயிரிழைக் கோடு.
"தெரியுது," என்றேன்.
"உனக்கும் தெரியுதா!" என்றார்,
வழக்கில் ஜெயித்தவர் மாதிரி.

அங்கே குளிரூட்டி இல்லை.
கிரீம் இளகி
மங்குஸ்தானுக்கு அடியில் இறங்கி
லொங்கானைச் சுற்றி வந்து
தட்டின் விளிம்பில் தயங்கியது.
அவர் விரல் நீட்டி
அதை அங்கேயே நிறுத்தினார்,
பழக்கப்பட்ட கை.
விரலை வாயில் வைத்தார்,
இன்னும் மேலே பார்த்தபடியே.
"இது என்ன வாசனை," என்றார்,
"எங்கிருந்து வருது?"